பெயரும் தீர்ப்பும்: மனச்சிதைவு நோயறிதலை ஏற்றல் குறித்து எலின் சாக்ஸின் தன்வரலாறும் எம்.வி. வெங்கட்ராமின் ‘காதுகள்’ நாவலும்

ஆய்வுச் சுருக்கம்

மனச்சிதைவு நோய் உள்ள ஒருவர் தம் நோயை ஏற்றுக்கொள்ளுதல் என்பது மருத்துவ எழுத்துகளில் பெரும்பாலும் ஒற்றைச் செயலாகவே பேசப்படுகிறது. எலின் சாக்ஸின் தன்வரலாற்றை முதன்மைச் சான்றாகவும் எம்.வி. வெங்கட்ராமின் ‘காதுகள்’ நாவலை எதிர்வைப்புச் சான்றாகவும் கொண்டு, அந்த ஏற்பினுள் நோயின் பெயரும் எதிர்காலம் பற்றிய தீர்ப்பும் ஒன்றாகக் கட்டப்பட்டிருப்பதை இக்கட்டுரை காட்ட முயல்கிறது. தமிழில் வழங்கும் கலைச்சொல் அக்கட்டினை மேலும் இறுக்குகிறது என்பது இதன் வாதம்.

திறவுச்சொற்கள்: மனச்சிதைவு, நோயறிதல், நோயுணர்வு, தன்வரலாறு, காதுகள், கலைச்சொல்லாக்கம்

முன்னுரை

மகனுக்கோ தங்கைக்கோ மனச்சிதைவு நோய் என்று மருத்துவர் கூறக் கேட்டவர்கள், வீடு திரும்பியபின் அச்சொல்லை அண்டை அயலாரிடம் சொல்வதில்லை. ‘நரம்புத் தளர்ச்சி’ என்பர். ‘தூக்கம் வருவதில்லை, அதற்காக நரம்பு டாக்டரிடம் காட்டுகிறோம்’ என்பர். இதனை அறியாமை என்று ஒதுக்கிவிடுதல் எளிது. ஆனால் அவர்கள் அறியாதவர்கள் அல்லர். ஒரு சொல் வெளியே சென்றால் என்ன செய்யும் என்பதை நன்கு அறிந்தே மறைக்கின்றனர். இந்துத் திருமணச் சட்டத்தின் 13ஆம் பிரிவு, 1976ஆம் ஆண்டுத் திருத்தத்திற்குப் பின், மணமுறிவுக்கு ஏதுவாகும் மனக்கோளாறு எது என்று விளக்கும் இடத்தில் இந்நோயைப் பெயர் சுட்டியே சேர்த்துக்கொள்கிறது. நோய்ப்பெயர் மட்டும் போதாது, நோயின் கடுமையே கருதத்தக்கது என்று உச்சநீதிமன்றம் 1988இல் ராம் நாராயண் குப்தா வழக்கில் தெளிவுபடுத்தியது. நீதிமன்றம் பிரித்துக் காட்டிய பெயரையும் கடுமையையும் ஊர்வழக்கு இன்றுவரை பிரித்துப் பார்க்கவில்லை.

இந்தப் பிரிப்பு இலக்கியத்தில் எங்ஙனம் நிகழ்கிறது என்பதே இங்கு ஆராயப்படுகிறது. நோயுற்றவரே தம் நோயைப் பற்றி எழுதும்போது, மருத்துவர் தந்த பெயரை அவர் என்ன செய்கிறார்? அதனை வாங்கிக்கொள்கிறாரா, மறுக்கிறாரா, அன்றி வேறொரு பெயரால் ஈடுசெய்கிறாரா? இவ்வினாக்களுக்கு விரிவான விடை தரும் நூல்களுள் ஒன்று அமெரிக்கச் சட்டப் பேராசிரியர் எலின் சாக்ஸ் 2007இல் வெளியிட்ட ‘தி சென்டர் கேனாட் ஹோல்ட்’. தலைப்பு யேட்ஸின் கவிதையொன்றிலிருந்து பெறப்பட்டது. மையம் தளர்தல் பற்றிய அத்தலைப்பு நூலின் முதற்பாதிக்கே பொருந்துகிறது. பிற்பாதி, தளர்ந்த மையத்தை ஒருவர் எவ்வாறு மீண்டும் கட்டுகிறார் என்பதைச் சொல்வது.

பெயரினுள் உறையும் தீர்ப்பு

நோயாளியின் எழுத்துக்குச் செல்லுமுன் பெயரின் வரலாற்றைச் சுருக்கமாகவேனும் நோக்குதல் வேண்டும். எமில் கிரேப்லின் 1899இல் வெளியிட்ட தம் பாடநூலின் ஆறாம் பதிப்பில் இந்நோயை ‘டிமென்ஷியா பிரேகாக்ஸ்’ என்று வகுத்தார். இளமையிலேயே வந்தடையும் அறிவுத் தேய்வு என்பது அதன் பொருள். நோய் எங்கே சென்று முடியும் என்பதை வைத்தே நோயை அடையாளம் காண்பது அவர் முறை. ஆகவே அப்பெயரைச் சூட்டும் கணத்திலேயே முடிவும் அறிவிக்கப்பட்டுவிடுகிறது. சுவிட்சர்லாந்தின் ஒய்கன் புளாய்லர் இதனை ஏற்கவில்லை. நோய் எப்போதும் இளமையில் தொடங்குவதில்லை, எப்போதும் தேய்வில் முடிவதுமில்லை என்று கண்ட அவர், 1908இல் பெர்லினில் ஆற்றிய உரையில் கிரேக்க வேர்களைக் கொண்டு ‘ஸ்கிசோஃபிரினியா’ என்னும் புதுப்பெயரை முன்வைத்தார். பிளத்தல், மனம் என்னும் இரு வேர்கள் அதில் உள. எண்ணம், உணர்ச்சி, விருப்பம் ஆகியவற்றுக்கு இடையிலான இசைவு பிளவுபடுதலையே அவர் கருதினார். ஒருவருக்குள் இருவர் வாழ்தல் என்று திரைப்படங்கள் பின்னாளில் பரப்பிய பொருளை அன்று. 1911இல் வெளிவந்த அவரது பெருநூலின் தலைப்பிலேயே அவர் இதனை ஒரு நோய் என்னாமல் நோய்த்தொகுதி என்று பன்மையில் குறித்தார்.

புளாய்லரின் பெயர் மாற்றத்தில் அடங்கிய கருணை தமிழில் எங்கே போயிற்று என்று கேட்கத் தோன்றுகிறது. தமிழில் ‘மனப்பிளவு’ என்னும் சொல்லும் வழங்கியிருப்பினும் நிலைபெற்றது ‘மனச்சிதைவு’ என்பதே. பிளவுக்கும் சிதைவுக்கும் உள்ள வேறுபாடு சிறிதன்று. பிளந்தது பொருந்தலாம், சிதைந்தது மீள்வதில்லை. சிதைந்த கோயில், சிதைந்த உடல், சிதைந்த குடும்பம் என்னும் வழக்குகளில் அச்சொல் முடிந்துபோனதையே சுட்டுகிறது. ஈமச் சிதையும் தமிழ்ச் செவியில் அதே ஒலியோடுதான் வந்து விழுகிறது. வேர் வேறெனினும் கேட்பவர் வேர் பார்த்துக் கேட்பதில்லை. ஆக, தேய்வு என்னும் கிரேப்லினின் தீர்ப்பை நீக்குவதற்காகப் புளாய்லர் உருவாக்கிய சொல்லுக்குத் தமிழாக்கம் செய்தபோது, நீக்கப்பட்ட தீர்ப்பே திரும்ப உள்ளே வந்தமர்ந்துவிட்டது. மொழிபெயர்த்தவர் எவரும் இதனைத் திட்டமிட்டுச் செய்திருக்க மாட்டார். இருப்பினும், இருபது வயதில் இச்சொல்லை முதன்முறை கேட்கும் ஒருவருக்கு அச்சொல் மனத்தின் நிலையைச் சொல்வதாக இல்லை. மனம் இனி இல்லை என்றே சொல்கிறது.

சாக்ஸ்: மருந்தை உண்டு, பெயரை மறுத்தல்

எலின் சாக்ஸ் 1955இல் பிறந்து மயாமியில் வளர்ந்தவர். பள்ளிப் பருவத்தில் ஒருநாள் வகுப்பிலிருந்து எழுந்து வீட்டுக்கு நடந்தபோது, வழியிலுள்ள வீடுகள் தமக்குச் செய்தி அனுப்புவதாக உணர்ந்ததை நூலில் குறிக்கிறார். உயர்கல்விக்காக ஆக்ஸ்ஃபோர்டில் அரிஸ்டாட்டிலைப் பயின்ற காலத்தில் அங்குள்ள வார்ன்ஃபோர்டு மருத்துவமனையில் தங்கிச் சிகிச்சை பெற்றார். பின்னர் மெலனி கிளைன் மரபில் வந்த உளப்பகுப்பாய்வாளர் ஒருவரிடம் ஆண்டுக்கணக்கில் சென்றார். யேல் பல்கலைக்கழகச் சட்டப்பள்ளியில் சேர்ந்த சில வாரங்களில், இரவில் நூலகத்தின் கூரையில் ஏறி, உடன்வந்த வகுப்புத் தோழர் இருவர் அஞ்சும்படி பொருந்தாச் சொற்களைப் பேசினார். அதன் தொடர்ச்சியாக அவசர சிகிச்சைப் பிரிவில் கட்டிலோடு தோல்வாரால் பிணைக்கப்பட்டார். நாள்பட்ட ஐயுறவு வகை மனச்சிதைவு என்னும் நோயறிதல் அப்போதுதான் அவர்க்குத் தரப்பட்டது. அதனோடு சேர்ந்தே வந்தது நோய்ப்போக்குக் கணிப்பு: தனித்து வாழ இயலாது, ஆழ்ந்த உழைப்பை வேண்டும் பணி எதுவும் கைகூடாது, பராமரிப்பு இல்லமே எஞ்சும் வழி என்பதாக.

இந்நூலை வாசிப்போர் பலரும் இதற்குப் பின் நிகழும் வெற்றிகளையே நினைவில் கொள்வர். தென் கலிஃபோர்னியப் பல்கலைக்கழகப் பேராசிரியர் பதவி, திருமணம், நூல் வெளிவந்தபின் 2009இல் கிடைத்த மெக்ஆர்தர் நல்கை ஆகியன அவை. என் கருத்தில் நூலின் உயிர்நிலை அவற்றில் இல்லை. நோயறிதலுக்கும் அதனை ஏற்றலுக்கும் இடைப்பட்ட நெடிய காலத்தில், மருந்தின் அளவைக் குறைக்கவும் அறவே நிறுத்தவும் சாக்ஸ் மீண்டும் மீண்டும் மேற்கொண்ட முயற்சிகளில்தான் அது இருக்கிறது. ஒவ்வொரு முயற்சியும் பொறுக்க இயலாத அச்சத்திலும் குலைவிலும் முடிகிறது. அடுத்த முயற்சி மீண்டும் தொடங்குகிறது. கதைப்போக்கு என்ற அளவில் இது சலிப்பூட்டக்கூடியது. ஒரே தவற்றை இவ்வளவு கூர்மதி படைத்தவர் ஏன் திரும்பச் செய்கிறார் என்று வாசகர் பொறுமை இழக்கும் இடமும் இதுவே.

அதற்கு அவர் தரும் காரணம் நுட்பமானது. குழப்பமான, வன்முறை நிறைந்த எண்ணங்கள் எல்லா மனிதர்க்கும் உண்டு, ஏனையோர் அவற்றை மறைக்கத் தெரிந்தவர்கள், தமக்கு அத்திறம் குறைவு என்று அவர் நெடுங்காலம் நம்பினார். அங்ஙனமாயின் தமக்குள்ளது நோயன்று, ஒழுக்கக் குறை. வேண்டுவது மருந்தன்று, மன உறுதி. இந்நம்பிக்கைக்கு ஒரு வரலாறும் உண்டு. பதின்பருவத்தில் சிறிதளவு போதைப்பொருளைப் பயன்படுத்தியதற்காகப் பெற்றோர் அவரை ஒரு மறுவாழ்வுத் திட்டத்தில் சேர்த்தனர். மருந்தைச் சார்ந்திருத்தல் இழிவு, போராடி வெல்லுதலே பெருமை என்னும் பாடம் அங்கே அவர் உள்ளத்தில் ஊன்றியது. நோய்மறுப்பு என்று மருத்துவக் குறிப்பேட்டில் பதிவாகக்கூடிய ஒன்று, உண்மையில் அவர் வளர்ந்த சமூகம் போற்றிய ஓர் அறத்தின் விளைவு. மாத்திரையைத் தொடர்ந்து உண்பவரிடம் ‘எத்தனை நாளைக்கு இதையே விழுங்கிக்கொண்டிருப்பாய்’ என்று கேட்கும் நம் உறவினர்களும் அதே அறத்தின் பேராளர்களே.

ஓலன்சபின் என்னும் புதுவகை மருந்துக்கு மாறியபின் நிலை திரும்புகிறது. எண்ணங்கள் தெளிந்தபோது, ஏனையோர் அத்தகைய எண்ணங்களை மறைத்து வாழவில்லை, அவர்களுக்கு அவை இல்லவே இல்லை என்பதை அவர் முதன்முறை உணர்கிறார். நோயை ஏற்றதனால் மருந்து உண்டார் என்பது வழக்கமான வரிசை. இங்கு வரிசை தலைகீழாக உள்ளது. பல்லாண்டுகள் மருந்தை உண்டுகொண்டே பெயரை மறுத்தார்; மருந்து நன்கு வேலை செய்தபின்னரே பெயரை ஏற்க முடிந்தது. ஏற்றபின் அப்பெயர் தம்மை வரையறுக்கும் வலிமையை இழந்ததாகவும் அவர் கூறுகிறார். அதற்குள் பேராசிரியர் பதவி உறுதிப்பட்டிருந்தது, நண்பர்கள் இருந்தனர். 1982ஆம் ஆண்டின் கணிப்பு பொய்த்துவிட்டது என்பதற்கு அவர் வாழ்வே சான்றாக நின்றது. தீர்ப்பு உதிர்ந்துபோனதனால்தான் பெயரைக் கையில் எடுக்க இயன்றது என்று நான் வாசிக்கிறேன். நூல் இதனை வெளிப்படையாக வாதிடவில்லை. மருந்து, உளப்பகுப்பாய்வு, பணி, நட்பு என்னும் பல்வேறு துணைகளுக்கு நன்றி கூறுவதோடு அது அமைகிறது.

நூலின் குறைகளையும் சொல்ல வேண்டும். பல்லாண்டுகளுக்கு முந்தைய உரையாடல்கள் நேற்றுக் கேட்டவை போல மேற்கோள் குறிகளுக்குள் வருகின்றன. குலைந்த மொழியைக் காட்டும் பகுதிகள்கூடச் சீரான நடையின் நடுவே பதித்த மாதிரிகளாகவே நிற்கின்றன. வசதி படைத்த பெற்றோர், கிழமைக்குப் பலமுறை உளப்பகுப்பாய்வு, உயர்கல்வி நிறுவனங்களின் அரவணைப்பு ஆகியன இன்றி இதே கதை எங்கே முடிந்திருக்கும் என்னும் வினா தொடர்ந்து எழுகிறது. எனினும் ஓர் அமைப்பு நுட்பம் குறிப்பிடத்தக்கது. மருத்துவர்களுக்கும் பகுப்பாய்வாளர்களுக்கும் சாக்ஸ் புனைபெயர் தருகிறார். தம் பெயரை மறைக்கவில்லை. மருத்துவ நேர்வரலாறுகளில் பெயர் மறைக்கப்படுபவர் நோயாளியே. ஃபிராய்டு காலம் தொட்டு வந்த அம்மரபை ஒரு நோயாளி அமைதியாகத் திருப்பிப்போட்டிருக்கிறார்.

நோயுணர்வு என்னும் அளவுகோல்

உளமருத்துவம் இப்பொருளை ‘நோயுணர்வு’ என்னும் கருத்தால் அளக்கிறது. அந்தோனி டேவிட் 1990இல் எழுதிய கட்டுரையில் இதனை ஒற்றைப் பண்பாகக் கொள்ளாது மூன்று கூறுகளாகப் பகுத்தார். தமக்கு நோயுண்டு என அறிதல், தமக்கு நேரும் விந்தை அனுபவங்களை நோயின் விளைவு என மறுபெயரிட வல்லமை, சிகிச்சைக்கு இசைதல் என்பன அவை. இம்மூன்றும் ஒன்றையொன்று சாராமல் தனித்தனியே இருக்கக்கூடும் என்பதற்குச் சாக்ஸின் நூலைவிட நல்ல விளக்கம் காண்பது அரிது. அவரிடம் மூன்றாவது கூறு தடுமாறித் தடுமாறி இருந்தது, முதலாவது இல்லை, இரண்டாவது கடைசியில் வந்தது.

இதனினும் முக்கியமானது பால் லைசேக்கரும் உடன் ஆய்வாளர்களும் 2007இல் ஆராய்ந்த ஒரு முரண். நோயை நன்குணர்ந்தவர்கள் சிகிச்சையில் முன்னேறுவர் என்பது எதிர்பார்ப்பு. ஆனால் அவர்களிடையே சோர்வும் நம்பிக்கையின்மையும் மிகுதல் பல ஆய்வுகளில் காணப்பட்டது. நோய் உண்டு என்பதை ஏற்று, அந்நோயைப் பற்றி ஊர் சொல்லும் இழிவையும் உடன் ஏற்றவர்களே நம்பிக்கையும் தன்மதிப்பும் குன்றியிருந்தனர் என்று அவர்கள் கண்டனர். நோயை ஏற்று இழிவை ஏற்காதவர்கள் அங்ஙனம் இல்லை. பெயர், தீர்ப்பு என்று இக்கட்டுரை பிரிப்பதையே அவர்கள் எண்களால் பிரித்திருக்கின்றனர் எனலாம். ஆகவே ‘உனக்கு நோய் என்பதை ஒப்புக்கொள்’ என்று வற்புறுத்தும் குடும்பத்தார், எதை ஒப்புக்கொள்ளச் சொல்கிறோம் என்பதைத் தாமே ஒருமுறை கேட்டுக்கொள்ளுதல் நலம். மறுப்பவர் மறுப்பது சில வேளைகளில் நோயையன்று.

பெயரின்றி எழுதப்பட்ட நாவல்

தமிழில் இவ்வனுபவத்தின் உள்ளிருந்து எழுதப்பட்ட பெரும்படைப்பு எம்.வி. வெங்கட்ராமின் ‘காதுகள்’. 1992இல் வெளிவந்து 1993ஆம் ஆண்டுக்கான சாகித்திய அகாதெமி விருதைப் பெற்ற நாவல் இது. மணிக்கொடி மரபில் வந்தவரும் கும்பகோணத்தில் பட்டு, சரிகை வாணிகத்தோடு வாழ்ந்தவருமான ஆசிரியரின் சொந்த அனுபவத்தைத் தழுவியது என்பது பரவலாக அறியப்பட்ட செய்தி. நாவலின் மகாலிங்கத்திற்குக் காதுகளுக்குள் குரல்கள் கேட்கத் தொடங்குகின்றன. அவை ஏசுகின்றன, ஆபாசம் பேசுகின்றன, தம்முள் உரையாடுகின்றன, அவனைக் கேலி செய்கின்றன. தொழில் நசிகிறது; கடனும் வறுமையும் குடும்பத்தைச் சூழ்கின்றன.

இங்கு ஓர் எச்சரிக்கை வேண்டும். நாவலுக்கோ மாந்தருக்கோ ஆசிரியருக்கோ நோய்ப்பெயர் சூட்டுவது இக்கட்டுரையின் நோக்கமன்று. ஒரு படைப்பைக் கொண்டு அங்ஙனம் செய்வது முறையுமன்று. வினா வேறு. மருத்துவம் தரும் பெயரை ஆதாரமாகக் கொள்ளாமல் இவ்வனுபவம் எந்த மொழியால் தாங்கப்படுகிறது? நாவலின் விடை, தாமச சக்தி என்பது. காளியின் உருவில் வந்து வதைக்கும் இருட்சக்திக்கும், குருவாக நின்று காக்கும் முருகனுக்கும் இடையே நிகழும் போராக மகாலிங்கம் தன் துன்பத்தைப் பொருள்கொள்கிறான். குரல்கள் தனக்கு மட்டுமே கேட்பன என்பதை அவன் அறிவான். அவற்றோடு வாதிடுகிறான், அவற்றுக்கு அடிமையாக மறுக்கிறான். டேவிட்டின் மூன்று கூறுகளால் அளந்தால் அவனிடம் முதலாவதும் மூன்றாவதும் இல்லை. இரண்டாவது மட்டும் வேறோர் உருவில் இருக்கிறது: அனுபவத்தை மறுபெயரிடுகிறான், ஆனால் நோயென்றன்று, சோதனையென்று. அளவுகோல் காட்டும் மதிப்பெண் குறைவு. வாசகர் காண்பதோ, தன் மனத்துள் நிகழ்வதைச் சாட்சியாக நின்று பார்க்கும் விழிப்பு.

இந்நாவலின் குரல்கள் குறித்து இன்னொரு கருத்தும் சொல்லத்தக்கது. மானிடவியலாளர் தான்யா லூர்மன், சென்னை உளமருத்துவர் பத்மாவதி உள்ளிட்டோர் கலிஃபோர்னியாவின் சான் மேட்டியோ, கானாவின் அக்ரா, சென்னை ஆகிய மூன்று இடங்களில் இடத்துக்கு 20 பேராகக் குரல்கேட்கும் நோயாளிகளோடு உரையாடி, 2015இல் வெளியிட்ட ஆய்வு பெரிதும் பேசப்பட்டது. அமெரிக்கர்கள் வன்மம் மிக்க குரல்களைக் குறித்தனர். நோய்ப்பெயரையும் எளிதில் தமக்குச் சூட்டிக்கொண்டனர். சென்னையில் பலர்க்குக் கேட்டவை உற்றார் உறவினர் குரல்கள். குளி, சமை, கடைக்குப் போ என்று ஏவுவன. இதனைக் கொண்டு ‘நம் பண்பாட்டில் குரல்களும் அன்பானவை’ என்று மகிழ்வோருக்குக் ‘காதுகள்’ தக்க மறுமொழி. அதிலுள்ள குரல்கள் கும்பகோணத்துக் குரல்கள்தாம், ஆயினும் கருணையற்றவை. பண்பாடு குரலின் உருவை மாற்றக்கூடும். துன்பத்தை அது நீக்கிவிடும் என்பதற்கு நாவலில் சான்றில்லை.

வடிவத்தைப் பொறுத்தவரை ‘காதுகள்’ சாக்ஸின் நூலைவிடத் துணிவானது என்பேன். அதன் குரல்கள் பக்கம் பக்கமாகக் கூறியது கூறுகின்றன. வாசகருக்கு ஓய்வு தருவதில்லை. ஏட்டை மூடிவிடலாமா என்று தோன்றும் அந்தக் கணத்தில், மூடிவிட இயலாத ஒருவனின் நிலை விளங்குகிறது. சாக்ஸ் தெளிந்தபின் திரும்பிப் பார்த்து எழுதுகிறார். ஆதலின் அவர் நூலில் ஏற்பின் வரலாறு கிடைக்கிறது. நோயின் நிகழ்காலம் குறைவாகவே கிடைக்கிறது. வெங்கட்ராமின் நாவல் குணமடைதலின் கதையாக அமையவில்லை. ஒரு பொருள்கோளை இறுகப் பற்றிக்கொண்டு நாளைக் கடத்தும் கதையாகவே அது நிற்கிறது.

வாரும் சங்கிலியும்

இவ்விடத்தில், மருத்துவப் பெயரே வேண்டா, நம் மரபின் மொழியே போதும் என்னும் முடிவுக்கு வருவோர் உண்டு. பித்தன் என்று இறைவனையே விளித்த பக்தி மரபு அவர்களுக்குக் கைகொடுக்கும். இதனை ஏற்க இயலாது. மகாலிங்கத்திற்குத் தன் துன்பத்தை எழுத்தாக்கும் ஆற்றல் இருந்தது. அவ்வாற்றல் வாய்க்காதவர்கள் மரபின் மொழிக்குள் என்ன ஆயினர் என்பதற்கு ஏர்வாடியே சான்று. 2001ஆம் ஆண்டு ஆகஸ்ட் 6 அன்று அங்கிருந்த தனியார் காப்பகம் ஒன்றில் தீப்பற்றியபோது, சங்கிலியால் பிணைக்கப்பட்டிருந்தமையால் தப்ப வழியின்றி 28 பேர் மாண்டனர். தர்காவின் அருளால் குணமாகும் என்று நம்பி அழைத்துவரப்பட்டவர்கள் அவர்கள். சிகிச்சைக்கு உரிய வழியைத் திறந்திருக்கக்கூடிய பெயர் அவர்களை உரிய காலத்தில் சென்றடையவில்லை.

அதே வேளையில், பெயர் கிடைத்த சாக்ஸையும் அது வாரிலிருந்து காக்கவில்லை என்பதை மறத்தலாகாது. யேல் சட்ட மாணவியாக இருந்தபோதே மருத்துவமனைகளில் நோயாளிகளைக் கட்டிவைக்கும் வழக்கத்தை எதிர்த்து அவர் ஆய்வுக்குறிப்பு எழுதினார். பின்னாளில் சிகிச்சையை மறுக்கும் உரிமையே அவரது ஆய்வுத்துறையாயிற்று. மருந்தால் மீண்ட ஒருவர், மருந்தை மறுப்பவரின் உரிமைக்காக வாதிடுவது முரணாகத் தோன்றலாம். அவர் நூலைப் படித்தவர்க்கு அங்ஙனம் தோன்றாது. ஏற்பு என்பது வற்புறுத்தலால் வரவில்லை என்பதை அந்நூல் பக்கம்தோறும் காட்டுகிறது. இந்தியாவின் மனநலப் பராமரிப்புச் சட்டம், 2017, நலமாக இருக்கும்போதே பிற்காலச் சிகிச்சை பற்றிய விருப்பத்தை முன்கூட்டி எழுதிவைக்க ஒருவர்க்கு உரிமை தருகிறது. அதனைப் பயன்படுத்த விழைபவர் முதலில் தம் நோயின் பெயரை அறிந்திருக்க வேண்டும். குடும்பமும் மருத்துவரும் அதனை அவரிடம் சொல்லியிருக்க வேண்டும்.

பெயரை மாற்றுதல்

சொல்லப்படுதல் என்பது எளிதில் நிகழ்வதன்று என்பதற்கு ஜப்பானின் வரலாறு சான்று. அங்கு ‘மனம் பிளவுறும் நோய்’ என்று பொருள்படும் பழைய பெயரை மாற்ற வேண்டுமென்று நோயாளர் குடும்பங்களின் கூட்டமைப்பு 1993இல் கோரியது. 2002இல் ஜப்பானிய உளமருத்துவ, நரம்பியல் கழகம் அதனை ‘ஒருங்கிணைவு குலைந்த நிலை’ என்று பொருள்படும் சொல்லாக மாற்றியது. அதற்குமுன் ஏறத்தாழ 37 விழுக்காட்டு நோயாளர்க்கே அவர்தம் நோயின் பெயர் தெரிவிக்கப்பட்டது. மூன்றாண்டுகளில் அது ஏறத்தாழ 70 விழுக்காடாக உயர்ந்தது. நோய் மாறவில்லை, மருந்தும் பெரிதாக மாறவில்லை. மருத்துவரின் நாவுக்கு அச்சொல்லை எடுக்கும் துணிவு வந்தது. தென்கொரியா 2011இல் ‘இசைக்கருவியின் நரம்பைச் சுருதி சேர்த்தல்’ என்னும் பொருளில் வேரூன்றிய புதுச்சொல்லைத் தெரிவு செய்தது. நரம்பு தளர்ந்தால் முறுக்கலாம், மிகை முறுக்கினால் தளர்த்தலாம். கருவி கருவியாகவே இருக்கிறது. யாழையும் வீணையையும் அறிந்த மொழிக்கு இவ்வுருவகம் அயலானதன்று.

ஆயினும் தமிழுக்கு உடனே ஒரு சொல்லை இங்கே முன்மொழிய நான் விரும்பவில்லை. கலைச்சொற்களை அறிஞர் குழுக்கள் ஆக்கித் தருதலே நம் வழக்கம். மனச்சிதைவு என்னும் சொல்லும் அவ்வழியே நிலைபெற்றது. ஜப்பானில் கோரிக்கை எழுந்த இடம் வேறு என்பதே கவனிக்கத்தக்கது. சென்னையில் 1984இல் டாக்டர் சாரதா மேனன் நிறுவிய மனச்சிதைவு நோய் ஆராய்ச்சி நிறுவனமான ஸ்கார்ஃப் போன்றவற்றில், நோயோடு வாழ்வோரும் அவர்தம் குடும்பத்தாரும் பல்லாண்டுகளாகக் கூடிப் பேசி வருகின்றனர். 1981இல் சென்னையில் தொடங்கி, முதன்முறை நோயுற்ற 90 பேரைப் பின்தொடர்ந்த நெடுங்கால ஆய்வு, பத்தாண்டுகளுக்குப் பின் அவர்களுள் பெரும்பாலோர் நல்ல நிலையில் இருந்ததைக் காட்டியது. சிதைவு என்னும் சொல்லுக்கு அந்த 90 பேரின் வாழ்வே மறுப்பு. அவர்கள் தம் நோயைத் தம் வீட்டு மொழியில் எப்படிக் குறிக்கின்றனர், மருத்துவர் இல்லாத வேளையில் தமக்குள் எச்சொல்லைப் பயன்படுத்துகின்றனர் என்பதை எந்தத் தமிழ் அகராதியிலும் நான் காணவில்லை. அச்சொற்களைத் தொகுக்கும் பணி தமிழாய்வுத் துறைகளுக்கும் உரியது. தொகுக்கச் செல்பவர் கேட்கவேண்டிய முதல் ஆள் நோயாளியே.